டாக்டர் வார்டின் பாட்டில்

நர்சரியில் பார்த்தபோது அது தோகை விரித்த மயில் மாதிரி இருந்தது. நீங்களும் ஆசைப்பட்டு வாங்கிவந்து ஹாலில் டி.வி.க்குப் பக்கத்தில் வைத்தீர்கள். முதல் வாரம் வீட்டுக்கு வந்தவர்களெல்லாம் "என்ன செடிங்க இது, அழகா இருக்கே" என்றார்கள். இரண்டாவது வாரம் இலை நுனி பழுப்பானது. மூன்றாவது வாரம் தொட்டால் பொலபொலவென்று கொட்டியது. ஐந்தாவது வாரம் தொட்டியில் இருந்தது ஒரு பழைய துடைப்பம்.

பாடப்புத்தகத் தமிழில் அதற்குப் பெரணி என்று பெயர். நர்சரி பாஷையில் ஃபெர்ன். பூக்காது, காய்க்காது, வெறும் இலைதான். ஆனால் அந்த இலையின் அழகுக்கு முன்னால் பல பூக்கள் தோற்றுப்போகும்.

தண்ணீர் ஊற்றாமல் விட்டீர்களா என்றால், இல்லை. தினமும் ஊற்றினீர்கள். வாடுகிறதே என்று பயந்து இன்னொரு சொம்பு சேர்த்தே ஊற்றினீர்கள். நானும் அப்படித்தான். என் கணக்கில் மூன்று தொட்டிகள் காலி. பி.காம். படித்தவன் என்பதால் நஷ்டக் கணக்கு மட்டும் சரியாக ஞாபகம் இருக்கிறது.

அப்படியானால் எங்கே தப்பு? கிட்டத்தட்ட இருநூறு வருடங்களுக்கு முன்னால் லண்டனில் ஒரு டாக்டர் இதே கேள்வியோடு தவித்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பதில் கிடைத்தது தற்செயலாக. அந்தப் பதில் ஒரு செடியைக் காப்பாற்றியதோடு நின்றிருந்தால் நாம் அவரைப் பற்றிப் பேசவேண்டிய அவசியமே இல்லை. அது போய் முடிந்த இடங்கள் வேறு. அதில் நம் நீலகிரியும் உண்டு.

அவர் பெயர் நதானியேல் பாக்ஷா வார்ட். 1791-ல் பிறந்தவர். வீடும் வைத்தியமும் கிழக்கு லண்டனில், கப்பல் துறைக்குப் பக்கத்தில், வெல்குளோஸ் சதுக்கத்தில். பதிமூன்று வயதில் அவரை ஒரு கப்பலில் ஏற்றி ஜமைக்காவுக்கு அனுப்பினார்கள். பையன் அங்கே கண்டது பனை மரங்களையும், ஈரம் சொட்டும் காடுகளையும், ஆளுயரப் பெரணிகளையும். அவ்வளவுதான், பைத்தியம் பிடித்துவிட்டது. திரும்பி வந்து குடும்பத் தொழிலான வைத்தியம் படித்தார். செடிப் பைத்தியம் மட்டும் தெளியவில்லை.

ஆனால் லண்டன் ஜமைக்கா அல்ல. அன்றைய லண்டன் நிலக்கரியில் ஓடிய ஊர். வீட்டுக்கு வீடு அடுப்புப் புகை, தெருவுக்குத் தெரு தொழிற்சாலைப் புகை. வெளியே காயப்போட்ட வெள்ளைச் சட்டை கறுத்துத் திரும்பும். வார்ட் தன் வீட்டுப் பின்கட்டில் பாறைகளை அடுக்கி, மேலே ஒரு குழாயில் ஓட்டை போட்டு, நாள் முழுக்க நீர் கசிகிற மாதிரி ஒரு குட்டி அருவியே செய்தார். அதில் பாசியும் பெரணியும் நட்டார். தண்ணீருக்குக் குறைவில்லை. ஆனாலும் ஒவ்வொன்றாகச் செத்தன. கரிப்புகை விடவில்லை. மனிதர் வெறுத்துப்போய் அந்த முயற்சியையே கைவிட்டார்.

1829-ல் அவர் கவனம் ஒரு பூச்சியின் மேல் திரும்பியது. பருந்து அந்து என்று ஒரு பெரிய ரக விட்டில். அதன் கூட்டுப்புழுவை, அது விட்டிலாக மாறுகிற வேடிக்கையைப் பார்ப்பதற்காக, அகன்ற வாய் கண்ணாடி பாட்டில் ஒன்றில் ஈர மண் போட்டுப் புதைத்து மூடிவைத்தார். தினமும் உள்ளே எட்டிப் பார்ப்பார். வெயில் ஏறும்போது மண்ணிலிருந்து ஈரம் ஆவியாகி, கண்ணாடியில் முத்து முத்தாகப் படிந்து, மறுபடி வழிந்து மண்ணுக்கே போவதைக் கவனித்தார். மண் எப்போதும் ஒரே ஈரத்தில் இருந்தது.

புழு விட்டிலாவதற்கு ஒரு வாரம் முன்பு மண்ணில் பச்சையாக என்னவோ தலைகாட்டியது. ஒரு புல். பக்கத்தில் ஒரு பெரணி.

விட்டில் என்ன ஆனதோ, டாக்டருக்கு அதில் அக்கறை போய்விட்டது. பின்கட்டில் அருவி வைத்துக் கொடுத்தும் வளராத ஜாதி, கேட்பாரற்ற பாட்டிலுக்குள் தானாக வளர்கிறதே!

அது எப்படி உள்ளே வந்தது? அந்தக் கதையும் சுவாரசியம். பெரணிக்குப் பூவும் இல்லை, விதையும் இல்லை, பிறகு எப்படிப் பெருகுகிறது என்று ஐரோப்பா நூற்றாண்டுக் கணக்கில் மண்டையை உடைத்துக்கொண்டது. விதை இருக்கிறது, கண்ணுக்குத்தான் தெரியாது என்று கிராமத்து ஜனங்கள் முடிவுகட்டினார்கள். கண்ணுக்குத் தெரியாத விதையைக் கையில் வைத்திருப்பவனும் கண்ணுக்குத் தெரியாமல் போவான் என்று அடுத்த படிக்கும் போனார்கள். நம்ம ஊர் மாய மை கதைதான். ஜமைக்காவில் இருந்த ஜான் லிண்ட்சே என்கிற சர்ஜன், இலையின் அடியில் இருக்கும் பழுப்புத் தூளை விதைத்துப் பார்த்து, அதிலிருந்துதான் பெரணி முளைக்கிறது என்று 1790-களில் நிரூபித்தார். அந்தத் தூள்தான் வித்து. காற்றில் மிதக்கும், எந்த மண்ணிலும் கலந்திருக்கும். (இலையின் அடியில் வரிசையாகப் பழுப்புப் புள்ளிகளைப் பார்த்துப் பூச்சி விழுந்துவிட்டது என்று மருந்தடிக்கிற அன்பர்கள் கவனிக்க. அது பூச்சி அல்ல, செடியின் வாரிசுகள்.)

வார்ட் அந்த பாட்டிலை வடக்குப் பார்த்த ஜன்னலுக்கு வெளியே வைத்தார். வடக்கு என்பது முக்கியம். அங்கே வெளிச்சம் உண்டு, நேர் வெயில் கிடையாது. கிட்டத்தட்ட நான்கு வருடம் பெரணியும் புல்லும் உயிரோடு இருந்தன. ஒரு சொட்டுத் தண்ணீர் ஊற்றவில்லை. கடைசியில் மூடி துருப்பிடித்து, மழைத் தண்ணீர் உள்ளே இறங்கி இரண்டும் அழுகிப்போயின. அவை செத்தது வறட்சியில் அல்ல, அதிகத் தண்ணீரில் என்பதைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் ஹாலுக்குத் திரும்பும்போது தேவைப்படும்.

ஒரு விஷயம். காற்றே புகாத பெட்டி என்று நினைத்துவிடாதீர்கள். அப்படிச் சொன்னவர்களிடம் வார்டே மறுத்திருக்கிறார். மூடியின் இடுக்கில் காற்று போகும், வரும். புகைக்கரி வராது. ஈரம் போகாது. சூட்சுமம் அவ்வளவுதான்.

அடுத்து அவர் யோசித்ததுதான் பெரிய யோசனை. லண்டன் புகையிலிருந்து செடியைக் காப்பாற்றும் கண்ணாடி, கடலிலிருந்தும் காப்பாற்றாதா?

அந்தக் காலத்தில் செடிகளைக் கப்பலில் கொண்டுபோவது கிட்டத்தட்டத் தற்கொலை முயற்சி. மேல்தளத்தில் வைத்தால் உப்புக்காற்று கருக்கிவிடும். உள்ளே வைத்தால் வெளிச்சம் இல்லை. எலித் தொல்லை வேறு. குடிதண்ணீர் குறையும்போது மாலுமிக்குக் கொடுப்பதா, மல்லிகைக்குக் கொடுப்பதா என்றால் எந்தக் கேப்டனும் யோசிக்கவே மாட்டார். சீனாவிலிருந்த ஜான் லிவிங்ஸ்டோன் என்ற சர்ஜன் 1819-ல் ஒரு கணக்குச் சொன்னார். சீனாவிலிருந்து இங்கிலாந்துக்கு உயிரோடு போய்ச் சேருகிற ஒவ்வொரு செடிக்கும் ஆயிரம் செடி வழியில் சாகிறது.

1833-ல் வார்ட் இரண்டு பெட்டிகள் செய்தார். மரச் சட்டம், மேலே கண்ணாடிக் கூரை, உள்ளே பெரணிகளும் புற்களும். சார்ல்ஸ் மல்லார்ட் என்ற கேப்டனின் கப்பலில் ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பினார். எல்லாம் நலமாக வந்து சேர்ந்தன என்று கேப்டன் அங்கிருந்து கடிதம் எழுதினார். வார்டுக்கு அது போதவில்லை. பெட்டிகளைச் சிட்னியில் காலிசெய்து, அந்த ஊர்ச் செடிகளை நிரப்பித் திருப்பி அனுப்பச் சொன்னார்.

1834 பிப்ரவரியில், சிட்னியில் வெயில் முப்பத்தைந்து டிகிரியைச் சுற்றிக் காய்ந்துகொண்டிருந்தபோது பெட்டிகள் கப்பல் ஏறின. தென்னமெரிக்காவின் அடிமுனையைச் சுற்றும்போது குளிர் பூஜ்யத்துக்கும் கீழே, தளத்தில் ஓரடிப் பனி. பூமத்திய ரேகையைத் தாண்டும்போது 49 டிகிரி. இத்தனைக்கும் நடுவில் யாரும் ஒருமுறைகூடத் தண்ணீர் ஊற்றவில்லை. அந்த வருடம் நவம்பரில் லண்டன் துறைமுகத்தில் வார்ட், செடி வியாபாரி ஜார்ஜ் லோடிஜஸைக் கூட்டிக்கொண்டு கப்பலில் ஏறினார். பெட்டிக்குள் பச்சைப்பசேல். அதுவரை இங்கிலாந்து உயிரோடு பார்த்தேயிராத ஓர் ஆஸ்திரேலியப் பெரணியும் உள்ளே இருந்தது.

லோடிஜஸ் வியாபாரி. வேறு பாஷை பேசவில்லை, கணக்கே பேசினார். முன்பு வெளிநாட்டிலிருந்து தருவிக்கும் இருபது செடியில் பத்தொன்பது சாகும். இந்தப் பெட்டி வந்தபிறகு இருபதில் பத்தொன்பது பிழைக்கிறது. இதைவிடச் சுருக்கமாக ஒரு கண்டுபிடிப்புக்கு யாரும் சர்டிபிகேட் கொடுத்ததில்லை.

1842-ல் வார்ட் எல்லாவற்றையும் ஒரு புத்தகமாக எழுதினார். பெட்டியை எப்படிச் செய்வது, எந்தச் செடியை எப்படி வைப்பது, ரகசியமே இல்லாமல். யார் வேண்டுமானாலும் ஒரு தச்சரைக் கூப்பிட்டுச் செய்துகொள்ளலாம். 1845-ல் இங்கிலாந்து அரசாங்கம் கண்ணாடிமேல் போட்டிருந்த வரியை எடுத்தது. கண்ணாடி மலிந்தது. நடுத்தர வீட்டு வரவேற்பறைகளில் பெரணிப் பெட்டிகள் முளைத்தன. 1851-ல் லண்டனில் நடந்த மாபெரும் பொருட்காட்சியில் வார்ட் ஒரு பாட்டிலை வைத்தார். உள்ளே பெரணி. பதினெட்டு வருடமாகத் தண்ணீர் ஊற்றாதது.

ஊருக்கே பித்துப் பிடித்தது. எழுத்தாளரும் பாதிரியாருமான சார்ல்ஸ் கிங்ஸ்லி 1855-ல் அந்தப் பித்துக்கு ஒரு பெயரே வைத்தார்: டெரிடோமேனியா. பெரணிப் பைத்தியம் என்று அர்த்தம். வீட்டுப் பெண்கள் கூடையும் சிறு மண்வெட்டியும் எடுத்துக்கொண்டு மலைக்கும் ஓடைக்கும் போனார்கள். துணைக்கு ஆளில்லாமல் பெண்கள் வெளியே போவதே தப்பு என்றிருந்த காலத்தில் பெரணி பறிக்கப் போகிறேன் என்பது மரியாதையான சாக்கு. அந்த வகையில் இந்தச் செடி சில கதவுகளைத் திறந்துவிட்டது என்று நான் நினைக்கிறேன்.

இன்னொரு பக்கம், காடு காலியானது. அபூர்வ வகைகளைத் தொழில்முறை ஆட்கள் மூட்டை மூட்டையாகப் பெயர்த்து வந்து விற்றார்கள். அயர்லாந்தின் கில்லார்னி பகுதியில் அருவிச் சாரலில் வளரும், கண்ணாடி மாதிரி மெல்லிய இலை கொண்ட ஒரு பெரணி இருந்தது. அதைச் சுரண்டிச் சுரண்டியே அழியும் நிலைக்குக் கொண்டுபோனார்கள். காட்டை நேசித்தவர்கள்தான் காட்டைக் காலி செய்தார்கள், வேறு யாரும் இல்லை.

இதெல்லாம் வீட்டு விஷயம். வார்டின் பெட்டி பார்த்த வெளி வேலைதான் உலகத்தையே புரட்டியது.

ஒரு நாட்டின் செல்வம் ஒரு செடியில் இருக்கிறது, அந்தச் செடி அந்த நாட்டை விட்டு உயிரோடு வெளியேற முடியாது என்றால், அந்த நாடு நிம்மதியாகத் தூங்கலாம். சீனா தேயிலையை வைத்துக்கொண்டு அப்படித்தான் தூங்கியது. 1848-ல் கிழக்கிந்தியக் கம்பெனி ராபர்ட் ஃபார்ச்சூன் என்ற ஸ்காட்லாந்துக்காரரை அங்கே அனுப்பியது. அவர் தலையைச் சிரைத்துக்கொண்டு, பின்னல் வைத்து, சீன உடை போட்டுக்கொண்டு தேயிலை மலைகளுக்குள் புகுந்தார். சேகரித்த விதைகளை வார்ட் பெட்டியின் மண்ணில் தூவி அனுப்ப, அவை கடலிலேயே முளைத்தன. மொத்தத்தில் சுமார் இருபதாயிரம் செடிகள் இமயமலைச் சாரலுக்கு வந்து சேர்ந்தன. அஸ்ஸாமில் நம் சொந்தத் தேயிலையே இருந்தது என்பதும், பின்னாளில் வியாபாரத்தில் பெரும்பங்கு அதற்கே போனது என்பதும் வேறு கதை. ஆனால் டார்ஜிலிங் டீயின் வாசம் சீனச் செடியின் வாசம்.

அடுத்தது சின்கோனா. மலேரியாவுக்கு மருந்தான கொய்னா அந்த மரத்தின் பட்டையிலிருந்து வருவது. விளைந்தது தென்னமெரிக்காவின் ஆண்டிஸ் மலையில் மட்டும். 1860-ல் கிளெமென்ட்ஸ் மார்க்கம் பெரு நாட்டிலிருந்து செடிகளைப் பெட்டியில் எடுத்துக்கொண்டு புறப்பட்டார். சேரவேண்டிய இடம் ஊட்டி. வழியில் செங்கடல் வெக்கை. பெட்டிக்கும் ஓர் எல்லை உண்டு, உள்ளே செடிகள் வெந்துவிட்டன. ஊட்டிக்கு வந்தவையும் பிழைக்கவில்லை. அடுத்த வருடம் ராபர்ட் கிராஸ் என்ற தோட்டக்காரர் ஈக்வடாரிலிருந்து கூடவே வந்து கவனித்து, நானூறுக்கும் மேற்பட்ட செடிகளை உயிரோடு நீலகிரிக்குக் கொண்டுவந்து சேர்த்தார். தொட்டபெட்டாவிலும் நடுவட்டத்திலும் சின்கோனாத் தோட்டங்கள் எழுந்தன. நடுவட்டத்தில் வேலை செய்ய ஆளில்லை. மலாயாப் பக்கத்திலிருந்து அனுப்பப்பட்ட சீனக் கைதிகளைக் கொண்டுவந்து அங்கே ஜெயில் கட்டி வேலை வாங்கினார்கள். கூடலூர் வழியில் அந்தக் கட்டடத்தை இன்றைக்கும் பார்க்கலாம்.

கொய்னா எத்தனையோ உயிரைக் காப்பாற்றியது. அதே கொய்னாவை விழுங்கித்தான் வெள்ளைக்காரன் ஆப்பிரிக்காவின் உள்நாடுகளுக்குத் தைரியமாகப் போனான். நல்லது எது, கெட்டது எது என்று கோடு போட முயன்று நான் தோற்றுப்போனேன். நீங்கள் முயன்று பாருங்கள்.

மூன்றாவது ரப்பர். இது நமக்கு ரொம்பக் கிட்டத்துச் சொந்தம். 1876-ல் ஹென்றி விக்கம் பிரேசிலிலிருந்து சுமார் எழுபதாயிரம் ரப்பர் விதைகளை லண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுவந்தார். முளைத்தவை ஏறத்தாழ 2,700. அதே வருடம் சுமார் 1,900 நாற்றுகள் 38 வார்ட் பெட்டிகளில் இலங்கைக்குக் கப்பல் ஏறின. மறுவருடம் வெறும் 22 நாற்றுகள் சிங்கப்பூருக்குப் போயின. அப்புறம் மலாயா முழுக்க ரப்பர்க் காடானது. அங்கே விடியற்காலை இருட்டில் மரம் மரமாகப் போய்ப் பால் எடுத்தவர்களில் பெரும்பாலோர் யார் என்று உங்களுக்கே தெரியும். தஞ்சாவூர், திருச்சி, சேலம், வடாற்காடு என்று கிராமம் கிராமமாகக் கங்காணியின் பின்னால் கப்பல் ஏறியவர்கள். நாற்றுக்காவது கண்ணாடிப் பெட்டி கிடைத்தது.

வார்ட் இதில் பாதியைப் பார்க்கவில்லை. 1868-ல் இறந்துவிட்டார். அவர் ஆசைப்பட்டது லண்டன் ஏழைகள் குடியிருக்கும் சந்துகளில்கூட ஒரு ஜன்னலுக்கு ஒரு பச்சை இருக்கவேண்டும் என்றுதான். புத்தகத்திலேயே அதை எழுதியிருக்கிறார்.

பெட்டி மட்டும் நெடுநாள் ஓடியது. செடியோடு மண்ணும், மண்ணோடு புழு பூச்சிகளும் நோயும் கண்டம் விட்டுக் கண்டம் போகின்றன என்று புரிந்தபிறகு கெடுபிடிகள் வந்தன. பாலிதீன் பையும் விமானமும் வந்தன. கியூ தோட்டம் 1962 வரைக்கும் அதைப் பயன்படுத்தியது.

சரி, உங்கள் ஹாலுக்கு வருவோம்.

அங்கே துடைப்பமாகிப் போனது பெரும்பாலும் பாஸ்டன் ஃபெர்ன் என்கிற வகையாக இருக்கும். இது அமெரிக்கக் கண்டத்து வெப்பமண்டலச் செடி. 1894-ல் பிலடெல்பியாவிலிருந்து பாஸ்டன் பக்கம் போன ஒரு லோடு பெரணிகளில் ஒன்று மட்டும் விறைப்பாக நிற்காமல் வளைந்து தொங்கியது. அந்த ஒன்றைப் பிரித்துப் பிரித்து நட்டுப் பெருக்கினார்கள். இந்த வகையில் வித்துத் தூளுக்கு முளைக்கிற சக்தி கிடையாது. ஆகவே கிழங்கைப் பிரித்தோ, வேர்போல நீளும் கொடியிலிருந்து வரும் கன்றை எடுத்தோதான் நடவேண்டும். அதாவது உங்கள் தொட்டியில் இருப்பது அந்த 1894 செடியின் பிள்ளை அல்ல. கிட்டத்தட்ட அதே செடியின் ஒரு துண்டு.

அது ஏன் செத்தது? பெரணியின் இலை மெலிசு. வேர் குடிக்கிற வேகத்தைவிட இலை தண்ணீரை இழக்கிற வேகம் அதிகமானால் நுனி கருகும். சென்னைக் காற்றில் ஈரத்துக்குப் பஞ்சமா? இல்லை, வேர்வையே சாட்சி. ஆனால் ஏ.சி. பெட்டியிலிருந்து வெளியே குழாயில் சொட்டுகிறதே தண்ணீர், அது உங்கள் அறைக் காற்றிலிருந்து பிழிந்தெடுத்தது. வார்டின் பாட்டிலில் மண்ணுக்கே திரும்பிய ஈரம், உங்கள் வீட்டில் பக்கத்துச் சந்தில் ஒழுகிக்கொண்டிருக்கிறது. வாடுகிறதே என்று நீங்கள் மேலும் மேலும் ஊற்றினீர்கள். வேர் மூச்சுமுட்டி அழுகியது. துருப்பிடித்த மூடி கதைதான்.

அதனால் முதல் வேலை, ஏ.சி. அறையிலிருந்து வெளியே எடுங்கள். வடக்கு அல்லது கிழக்கு ஜன்னல், நிழல் விழும் பால்கனி, ஜன்னல் உள்ள பாத்ரூம் எல்லாம் உத்தமம். மதியவெயில் ஆகவே ஆகாது. விரலை மண்ணில் ஒரு கணு அளவு விட்டுப் பாருங்கள். ஈரம் தட்டினால் சும்மா இருங்கள். காயத் தொடங்கினால் அடியில் ஒழுகும்வரை ஊற்றி, தட்டில் தேங்கியதைக் கொட்டிவிடுங்கள். செடிக்கு மட்டுமில்லை, டெங்கு கொசுவுக்கும் அந்தத் தட்டுதான் பிரசவ ஆஸ்பத்திரி. உப்புத் தண்ணீர் ஆகாது. ஆர்.ஓ. மெஷின் கழித்துவிடும் தண்ணீரை வீணாக்காமல் செடிக்கு ஊற்றும் சிக்கனத்தைப் பெரணியிடம் காட்டாதீர்கள். ஸ்பிரே பாட்டிலால் புஸ் புஸ் என்று அடிப்பது நம் மனத்திருப்திக்கு. கொஞ்ச நேரத்தில் காய்ந்துவிடும். அதைவிட நாலைந்து தொட்டிகளை நெருக்கி வைத்தால் ஒன்றின் மூச்சில் ஒன்று பிழைத்துக்கொள்ளும்.

இது வீட்டுக் காற்றைச் சுத்தம் செய்யுமாமே என்று கேட்பீர்கள். 1989-ல் அமெரிக்காவின் நாசா ஆய்வு ஒன்று கிளப்பிவிட்ட நம்பிக்கை அது. அவர்கள் சோதித்தது மூடிய சிறு அறையில். 2019-ல் பழைய ஆய்வுகளையெல்லாம் சேர்த்துக் கணக்குப் போட்டவர்கள், ஜன்னலைத் திறந்துவைக்கிற பலன் செடியால் கிடைக்கவேண்டுமானால் சதுர மீட்டருக்குக் குறைந்தது பத்துச் செடியாவது வேண்டும் என்றார்கள். அதற்கு மேல் நமக்கு உட்கார இடம் இருக்காது. அழகுக்காக வையுங்கள், போதாதா?

துடைப்பமானதைத் தூக்கிப் போட்டுவிட்டீர்களா? இல்லையென்றால் காய்ந்த இலைகளை அடியோடு வெட்டிவிட்டு நிழலில் வைத்துக் காத்திருங்கள். வேர் அழுகாமல் இருந்தால், சில வாரத்தில் மண்ணிலிருந்து கேள்விக்குறி மாதிரி சுருண்ட குருத்து ஒன்று எழும்பும்.

நான் நாலாவது தொட்டி வாங்கவில்லை. எங்கள் பக்கத்துப் பழைய மதில் விரிசலில், யாரும் நடாமல், யாரும் ஊற்றாமல் ஒரு சின்னப் பெரணி வளர்ந்திருந்தது. மழைக்காலத்தில் அதன் அடியிலிருந்து ஒரு பிடி மண்ணை மட்டும் சுரண்டி, காலியான ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு, லேசாக ஈரமாக்கி, மூடி, வடக்கு ஜன்னலில் வைத்தேன். மூன்று மாதம் ஒன்றுமில்லை. வீட்டில் கேலி. நான்காம் மாதம் மண்மேல் பச்சைப் பொட்டு மாதிரி படர்ந்தது. அப்புறம் அதிலிருந்து நகக்கண் அளவில் ஓர் இலை. இப்போது ஏழெட்டு இலை இருக்கிறது. காலையில் கண்ணாடி பூராவும் முத்து முத்தாக நீர் கோத்திருக்கும், பத்து மணிக்கெல்லாம் இறங்கிவிடும்.

மூடி பிளாஸ்டிக். துருப்பிடிக்காது.